குதிரைகள் கட்டிய வீடுகள்

இங்கிலாந்தின் நொட்டிங்காம்சயர் பகுதியிலே வெல்பெக் என்றொரு பெருந்தோட்டம் உண்டு. போட்லண்ட் கோமகன்களின் பரம்பரை இருப்பிடம் அது. அங்கே, மாளிகையின் பெருமையெல்லாவற்றுக்கும் அப்பால், ஏழை மக்கள் வாழ்வதற்கென்று கட்டப்பெற்ற சிறிய வீடுகளின் வரிசையொன்று இருக்கிறது. அவ்வரிசைக்கு 'வின்னிங்ஸ்' என்று பெயர். 'பந்தயத்தில் வென்ற பணம்' என்பது அதன் பொருள். 1888, 1889, 1890 ஆகிய ஆண்டுகளில் கோமகனின் குதிரைகள் பெற்ற வெற்றிகளின் ஞாபகமாகவும், ஏழைகளின் நன்மைக்காகவும், கோமகனுடைய மனைவியாரின் வேண்டுகோளின்படி அவை எழுப்பப்பட்டன என்று அங்குள்ள கல்வெட்டு கூறுகின்றது.

குதிரைப் பந்தயப் பணத்திலே தரும வீடுகளா என்று நேயர்கள் வியக்கக்கூடும். நாமும் வியந்தோம். அவ்வியப்பே அந்தக் கோமகனின் சரித்திரத்தை இவ்வாரம் எடுத்துச் சொல்ல எம்மைத் தூண்டியது.

வில்லியம் ஜோன் ஆதர் சாள்ஸ் ஜேம்ஸ் கவென்டிஷ் பென்டிங் என்பது அவரது முழுப் பெயர். பென்டிங் என்ற பெயர் சரித்திரம் படிக்கும் மாணவர்களுக்குப் புதியதன்று. சென்னையின் ஆளுநராக இருந்து, 1806 இல் வேலூர்ச் சிப்பாய்களின் கிளர்ச்சிக்குப் பின் திருப்பியழைக்கப்பட்டவரும், பின்னர் இந்தியாவின் ஆளுநர் நாயகமாக வந்து 1829 இல் உடன்கட்டை ஏறும் வழக்கத்தைச் சட்டத்தால் தடுத்தவருமான வில்லியம் பென்டிங் பிரபு, இவருடைய பாட்டனாரின் தமையனாராவார்.

எமது கோமகன் 1857 ஆம் ஆண்டு டிசம்பர் மாதம் 28 ஆம் தேதி பிறந்தார். பிறந்து சில நாட்களுக்குள் தாயை இழந்தார். தந்தையார் இராணுவத்தில் உயர் பதவி வகித்த தளபதி. மைந்தரும் தந்தை வழியே சென்று, 1877 இல் கோல்ட்ஸ்ட்ரீம் காவற்படையில் அதிகாரியாகச் சேர்ந்தார். அதே ஆண்டில் தந்தையாரும் காலமானார். கோமகன் பட்டத்துக்கு நேர் வாரிசல்லாத குடும்பக் கிளையிற் பிறந்த அவ்விளைஞர், படைச் சேவையையே தம் வாழ்வாகக் கொண்டிருக்கவும் கூடும். ஆனால் 1879 டிசம்பரிலே ஐந்தாவது கோமகன் பிள்ளைகளின்றி இறந்தார். இருபத்திரண்டு வயது நிரம்பாத படை அதிகாரி, ஒரே நாளில் இங்கிலாந்தின் பெருஞ் செல்வர்களுள் ஒருவரானார்.

அவருக்குக் கிடைத்த மாளிகையோ விசித்திரமானது. மறைந்த ஐந்தாவது கோமகன் மனிதர் முகத்தில் விழிக்க விரும்பாதவர். தம் வாழ்நாளையும் பெரும் பொருளையும் பூமிக்கு அடியிலே கட்டடம் அமைப்பதிற் செலவிட்டவர். நிலத்தைக் குடைந்து நீண்ட சுரங்கப் பாதைகளை அமைத்தார். ஏறத்தாழ 160 அடி நீளமான மண்டபமொன்றையும் நிலத்துக்கடியில் எழுப்பினார். அதில் ஒரு நாளேனும் விருந்தோ நடனமோ அவர் காலத்தில் நிகழவில்லை. புதிய கோமகன், சிற்றன்னையோடும் உடன்பிறந்தாரோடும் வந்து சேர்ந்தபோது, வண்டி செல்லும் வழியெங்கும் கட்டட இடிபாடுகள் கிடந்தன. முன் மண்டபத்துக்குத் தளமே இல்லை. பலகைகளைப் பரப்பியே உள்ளே செல்ல வேண்டியிருந்தது. ஆறு வயதுச் சிறுமியாக உடன் வந்த தங்கை ஒட்டோலின், பிற்காலத்தில் எழுத்தாளரையும் ஓவியரையும் ஆதரித்த ஒட்டோலின் மொறெல் சீமாட்டியாகப் புகழ்பெற்றார். அம்முதல் நாட் காட்சியைத் தம் நினைவுக் குறிப்புகளில் எழுதியும் வைத்தார்.

பாழடைந்த மாளிகையைச் செப்பனிடத் தொடங்கிய கோமகனின் உள்ளத்தைக் குதிரைகள் கவர்ந்தன. அங்கும் பிறர் மரணமொன்றே அவருக்குப் பாக்கியத்தைக் கொணர்ந்தது. ஹங்கேரிய வம்சத்தவரான பற்றியானி இளவரசர் 1883 இல் நியூமார்க்கட் பந்தயத் திடலிலே, தாம் பெரிதும் நேசித்த கலொப்பின் என்ற குதிரையின் குட்டியொன்று ஓடவிருந்த நாளன்று, மாரடைப்பால் வீழ்ந்து இறந்தார். அவருடைய குதிரைகள் ஏலத்துக்கு வந்தன. அவற்றுள் அதிகம் பேரால் பொருட்படுத்தப்படாத இரண்டு வயதுக் குட்டியொன்றைக் கோமகன் 1,600 கினிக்கு வாங்கினார். அதன் பெயர் சென் சைமன்.

அந்தக் காலத்து விதியொன்றை இங்கே கூறுதல் வேண்டும். பந்தயத்துக்குக் குதிரையைப் பதிந்தவர் இறந்துவிட்டால், அப்பதிவும் அவரோடு இறந்துவிடும். ஆகவே சென் சைமன் டேபி முதலான மூன்று வயதுக் குதிரைகளுக்குரிய ஐம்பெரும் பந்தயங்களுள் ஒன்றிலேனும் ஓடவில்லை. இந்த விதி 1929 இல் ஒரு வழக்கின் பின்னரே நீங்கிற்று. எனினும் ஓடிய பந்தயம் ஒன்றிலேனும் சென் சைமன் தோற்றதில்லை. 1884 இல் அஸ்கொட் தங்கக் கிண்ணப் பந்தயத்தில், முந்திய ஆண்டு அதே கிண்ணத்தை வென்ற குதிரையை இருபது குதிரை நீளம் பின்தள்ளி வென்றது. அக்காலத்தின் தலைசிறந்த பந்தய வீரரான பிறெட் ஆச்சர், ஒரு நாள் காலைப் பயிற்சியின்போது அதனைச் சற்றே முள்ளாற் குத்தியதும், அது கட்டுக்கடங்காமற் பறந்ததாம். அதன் பின் அவர் அதனிடம் முள்ளைப் பயன்படுத்தத் துணியவில்லை. இத்தனை வலிமை கொண்ட அக்குதிரை குடையைக் கண்டால் நடுங்குமென்றும் சொல்வர்!

பந்தயத் திடலைவிட இனவிருத்தியிலேயே சென் சைமனின் உண்மைப் பெருமை வெளிப்பட்டது. நல்ல இரத்தம், நல்ல அமைப்பு, நல்ல சுபாவம் ஆகியவற்றைப் பார்த்துப் பெண் குதிரைகளைத் தேர்ந்து சேர்ப்பது இத்தொழிலின் நுட்பம். சென் சைமனின் குட்டிகள் ஈட்டிய பரிசுத் தொகையால், ஒன்பது ஆண்டுகள் அது இங்கிலாந்தின் முதல்நிலைத் தந்தைக் குதிரையாக விளங்கிற்று. 1900 ஆம் ஆண்டில் ஐம்பெரும் பந்தயங்கள் ஐந்தையும் அதன் பிள்ளைகளே வென்றன. தொடக்கத்தில் 50 கினியாக இருந்த அதன் சேர்க்கைக் கட்டணம் 500 கினி வரை உயர்ந்தது.

கோமகனின் லாயத்திலிருந்து 1888 இல் அயர்ஷயரும், 1889 இல் டொனவனும் அடுத்தடுத்து டேபியை வென்றன. 1890 இல் சென் சைமனின் மகள்களான மெமொயரும் செமொலினாவும் வெற்றிகளைக் குவித்தன. 1889 ஆம் ஆண்டில் மாத்திரம் 73,000 பவுணுக்கு மேற்பட்ட பரிசுப் பணம் அவர் கைக்கு வந்தது. ஏற்கனவே நிலத்தாலும் நிலக்கரியாலும் நிறைந்திருந்த பெட்டியில் மேலும் பொன் விழுந்தது. அதனை என் செய்வது?

இவ்வினாவுக்கு விடை கூறியவர் ஒரு பெண்மணி. டொனவன் டேபியை வென்ற அதே ஜூன் மாதத்திலே கோமகன் வினிபிரட் டல்லஸ்-யோக் என்பாரை மணந்தார். பந்தயத்தால் வந்த பணத்தின் பெரும் பகுதியை ஏழைகளுக்கு வீடு கட்டச் செலவிடுமாறு அம்மையார் வேண்டினார், கோமகன் இசைந்தார். உழைத்து ஓய்ந்த குதிரைகளையும் மட்டக் குதிரைகளையும் லாயத்தில் வைத்துப் போஷித்தவர் அவர். பறவைகளைக் காக்கும் அரச சங்கத்தின் தலைவியாக 1954 இல் தாம் இறக்கும்வரை இருந்தவர். சுற்றுப்புறத்து நிலக்கரிச் சுரங்கத் தொழிலாளரின் நோய்க்கும் துயருக்கும் உதவியவர்.

கோமகன் அரச குதிரை லாயங்களின் தலைமைப் பதவியை 1886 முதல் 1892 வரையும், மீண்டும் 1895 முதல் 1905 வரையும் வகித்தார். அவரது வாழ்வில் விதி மற்றுமொரு முறை விளையாடியது. 1913 நவம்பரில் ஒஸ்திரிய இளவரசர் பிரான்ஸ் பேர்டினண்ட் வெல்பெக்குக்கு விருந்தினராக வந்தார். நிலமெங்கும் பனி மூடியிருந்தது. வேட்டையின்போது துப்பாக்கி நிரப்பும் பணியாளன் ஒருவன் தடுக்கி விழ, துப்பாக்கி வெடித்து, குண்டுகள் இளவரசரையும் கோமகனையும் சில அடி தூரத்திற் கடந்து சென்றன. அடுத்த ஆண்டு ஜூன் 28 ஆம் தேதி சரயேவோவில் அதே இளவரசர் சுடப்பட்டார். உலகப் பெரும்போர் மூண்டது. வெல்பெக்கிலேயே அவர் இறந்திருந்தால் அப்போர் நிகழாதிருந்திருக்குமோ, பிந்தியாவது இருக்குமோ என்று, 1937 இல் வெளியான தம் நூலிலே கோமகன் எண்ணிப் பார்த்திருக்கிறார்.

1943 ஏப்ரலில், 85 ஆவது வயதில், வெல்பெக்கிலே அவர் காலமானார். உறவினர் ஒருவர் இறந்ததனாற் பட்டம், இளவரசர் ஒருவர் இறந்ததனாற் குதிரை, குண்டு விலகியதனால் ஆயுள் என, அவர் பெற்றவற்றுட் பெரும்பாலானவை தாமாகவே வந்தவை. இவற்றுக்காக அவரைப் புகழ வேண்டியதில்லை. அவரது நிலத்தினடியில் நிலக்கரி வெட்டியவர்களின் வறுமையைச் சில வீடுகள் தீர்த்துவிட்டன என்றும் நாம் சொல்ல மாட்டோம். பந்தயத்திற் பணம் கட்டிக் குடும்பத்தை அழித்தவர்கள் எந்த நாட்டிலும் உண்டு, அதனையும் மறந்துவிடலாகாது.

ஆயினும் ஒன்றைக் கருதுவோம். தற்செயலாக வந்த பொருளைத் தன் திறமையால் வந்ததென்று எண்ணுவது மனித இயல்பு. 'இது நமக்கு வந்தது, நம்மாலானதன்று. இதிற் பிறருக்கும் பங்குண்டு' என்று சொல்ல வீட்டில் ஒருவர் வேண்டும். சொல்வதைக் கேட்க மற்றொருவர் வேண்டும். வெல்பெக்கில் அன்று அவ்விருவரும் இருந்தனர்.

1908 இல் இறந்த சென் சைமனின் எலும்புக்கூடு இலண்டன் இயற்கை வரலாற்று நூதனசாலையிலே பேணி வைக்கப்பட்டது. அதனைக் காணச் செல்வோர் அதன் வேகத்தை வியப்பர். வெல்பெக்கில் உள்ள அச்சிறு வீடுகளையே நாம் மேலாக மதிக்கின்றோம்.