நாலு மணிக்கு எழுப்பாதீர்கள்

பக்கத்து வீட்டுப் பையன் பன்னிரண்டாவது படிக்கிறான். இரவு 11 மணிக்குப் படுக்கிறான். விடியற்காலை 4 மணிக்கு அவன் அப்பா முகத்தில் தண்ணீர் தெளித்து எழுப்புகிறார். கேட்டால், "பிரம்ம முகூர்த்தம் சார், படித்தது மனசில் ஒட்டும்" என்கிறார். ஒட்டாது என்று சொல்லத்தான் இதை எழுதுகிறேன்.

மனித மூளையின் மின்னலைகளை 1924-ல் முதன்முதலாகப் பதிவு செய்தவர் ஜெர்மனி டாக்டர் ஹான்ஸ் பெர்கர். கண்ணை மூடி ஓய்வாக இருந்தால் வினாடிக்கு 8 முதல் 13 வரை ஆல்ஃபா அலைகள். ஆழ்ந்த தூக்கத்தில் வினாடிக்கு நாலுக்கும் குறைவான, பெரிய டெல்டா அலைகள். அப்போது இதயத் துடிப்பு தணியும், உடம்பு தளரும். பகலில் படித்ததை மூளை மறுபடி ஓட்டிப் பார்த்து நிலைநிறுத்தும். இது முன்னிரவில் அதிகம்.

பின்னிரவில் கனவுத் தூக்கம் அதிகம். அதற்கு 1959-ல் பிரான்சின் லியோன் நகரத்து மிஷேல் ழுவே 'சொமேய் பரதொக்ஸால்' என்று பெயர் வைத்தார். புதுச்சேரியில் பிரெஞ்சில் படித்த எனக்கு அது 'முரண் தூக்கம்'. உடம்பு துவண்டு கிடக்கும். மூளை அலையோ விழித்திருப்பவனுடையது போல ஓடும். 4 மணிக்கு எழுப்பினால் பெரிதும் வெட்டுப்படுவது இந்தத் தூக்கம்தான்.

அதே 1924-ல் அமெரிக்காவில் ஜென்கின்ஸ், டாலன்பாக் இருவரும் பொருளில்லாத அசைகளை மாணவர்களை மனப்பாடம் செய்யவைத்துச் சோதித்தார்கள். படித்துவிட்டுத் தூங்கியபோது மறந்தது குறைவு. விழித்திருந்தபோது மறந்தது அதிகம்.

"அந்தக் காலத்தில் நாம் எழுந்து படிக்கவில்லையா?" என்பீர்கள். படித்தோம். ஆனால் எட்டு மணிக்கே விளக்கை அணைத்துப் படுத்தோமே! இந்த வயதுப் பிள்ளைக்கு 8 முதல் 10 மணி நேரத் தூக்கம் வேண்டும். கிடைப்பது ஐந்து.

எனக்கு மட்டும் என்ன யோக்கியதை என்று கேட்கலாம். 1995-ல் என் மகனையும் நான் இப்படித்தான் எழுப்பினேன். கணக்குப் பரீட்சை முடிந்து வந்து, "தெரிந்த கணக்கே மறந்துபோச்சுப்பா" என்று நின்றான். அக்கறையில்லை என்று அடித்தேன். போன மாதம்தான் அவனிடம் மன்னிப்புக் கேட்டேன். "விடுங்கப்பா" என்றான். என்னால் விட முடியவில்லை.

பாவு சரியாக ஓட்டாமல் தறியில் ஏறி உட்கார்ந்தால் சேலை வராது என்பது நம் ஊர்க்காரர்களுக்குத் தெரியும். பிள்ளைக்குத் தூக்கம்தான் பாவு. இன்றிரவு அலாரத்தை அணைத்துவிடுங்கள்.