குழாயில் எண்ணெய் எப்போது கொந்தளிக்கும்? தண்டையார்பேட்டைக்கு இது ஏன் முக்கியம்?

2013-ல் தண்டையார்பேட்டையில் நிலத்தடி நீரில் எண்ணெய் வாடை அடித்தது. பூமிக்கடியில் போகும் எண்ணெய்க் குழாயில் ஏற்பட்ட கசிவுதான் காரணம். மக்கள் புகார் சொன்ன பிறகே விஷயம் வெளியே வந்தது. கருவிகள் இருந்தும் சிறு கசிவு ஏன் தப்பிவிடுகிறது?

சீரான ஓட்டம், கொந்தளிப்பு: என்ன வித்தியாசம்?

தெருக்குழாயை லேசா திறந்தால் தண்ணீர் கண்ணாடிக் கம்பி மாதிரி விழும். முழுசா திறந்தால் கலங்கிச் சிதறும். இந்த மாற்றத்தை 1883-ல் கண்ணாடிக் குழாயில் சாயம் விட்டுக் காட்டியவர் ஆஸ்போர்ன் ரெனால்ட்ஸ். அடர்த்தி, வேகம், குழாயின் விட்டம் மூன்றையும் பெருக்கி, பாகுநிலையால் வகுத்தால் 'ரெனால்ட்ஸ் எண்' வரும்.

எல்லை எது?

நேரான குழாயில் அந்த எண் சுமார் 2,040-ஐத் தாண்டினால்தான் கொந்தளிப்பு நிலைத்து நிற்கும் என்று 2011-ல் வெளியான ஆய்வு காட்டியது. அதற்குக் கீழே கலக்கம் தானாகவே அடங்கிவிடும்.

எண்ணெய்க் குழாயில் என்ன நிலை?

கால் மீட்டர் விட்டக் குழாயில் டீசல் நொடிக்கு 1 மீட்டர் வேகத்தில் போனாலே இந்த எண் 50 ஆயிரத்தைத் தாண்டும். அதாவது, முழுக் கொந்தளிப்பு. சீரான ஓட்டத்தில் வேகம் இரட்டிப்பானால் அழுத்த இழப்பும் இரட்டிப்பாகும். கொந்தளிப்பில் அது கிட்டத்தட்ட 4 மடங்கு வரை போகும்.

கசிவைப் பிடிக்க, குழாயின் இரு முனைகளிலும் அழுத்தத்தையும் ஓட்டத்தையும் அளந்து கணக்கோடு ஒப்பிடுவார்கள். சொட்டுச் சொட்டாகப் போகும் கசிவு அளவீட்டின் ஏற்ற இறக்கத்துக்குள் மறைந்துவிடும்.

அப்போ தீர்வு?

கணக்கை மட்டும் நம்பாமல் குழாய்ச் சுவரின் தடிமனையும் நிலத்தடி நீரையும் அடிக்கடி சோதிக்க வேண்டும். 'தண்ணியில வாடை வருது' என்ற புகாரையும் அபாய மணியாகவே எடுத்துக்கொள்ள வேண்டும்.