யார் வீட்டுத் திண்ணையில் யார் கடை விரிப்பது?

விடிகாலை நேரம். கம்பம், கூடலூர், தேவாரம், போடி என்று பள்ளத்தாக்கு ஊர்களில் ஜீப்புகள் உறுமத் தொடங்குகின்றன. ஏலத்தோட்ட வேலைக்குப் போகும் பெண்கள் தூக்குவாளியோடு நெருக்கியடித்து ஏறி, குமுளி வழியாகவும் கம்பம்மெட்டு வழியாகவும் போடிமெட்டு வழியாகவும் மலை ஏறுகிறார்கள். பலர் மடியில் ஒரு செல்போன் இருக்கிறது. மகனோ மகளோ புதுசு வாங்கியபோது கைமாறி வந்த பழைய போன்.

பிள்ளை பள்ளிக்கூடம் கிளம்பியதா என்று கேட்க அந்த அம்மா போனைத் திறக்கிறார். திரை முழுக்க ஒரு விளம்பரம். "ஐந்தே நிமிடத்தில் கடன்!" அதை மூடினால் இன்னொன்று. "உங்கள் போனில் 4 வைரஸ் உள்ளது, உடனே சுத்தம் செய்யுங்கள்!" மூடுவதற்கான பெருக்கல் குறி கடுகளவு. ஏலக்காய் எடுத்துக் காய்த்துப் போன விரல் அந்தக் கடுகைத் தேடிப் போய் விளம்பரத்தின் மேலேயே விழுகிறது. அதற்குள் ஜீப் வளைவில் திரும்பி சிக்னலும் போய்விடுகிறது. பிள்ளையிடம் பேச முடிந்தபாடில்லை.

இதை வெளியே சொன்னால் இரண்டு பதில்கள் தயாராக இருக்கின்றன. ஒன்று, "கண்டதையும் தொட்டா அப்படித்தான்". இன்னொன்று, "அது பழைய போன், தூக்கிப் போட்டுட்டுப் புதுசு வாங்கு". இரண்டுமே தவறு. இரண்டுமே குற்றவாளியை விட்டுவிட்டுப் பறிகொடுத்தவரைப் பிடிக்கும் பதில்கள்.

தானம் கொடுத்த மாடா இது?

விளம்பரக்காரர்கள் எப்போதும் சொல்லும் நியாயம், "இலவசமாகத் தருகிறோம், கொஞ்சம் பொறுத்துக்கொள்ளுங்கள்" என்பது. தானம் கொடுத்த மாட்டைப் பல்லைப் பிடித்துப் பார்க்கக் கூடாது என்பது சரிதான். ஆனால் இந்த மாட்டை யார் தானம் கொடுத்தது? போனுக்குக் காசு கொடுத்தாயிற்று. மாதாமாதம் ரீசார்ஜுக்கும் காசு கொடுத்தாயிற்று. ஒரு நாளைக்கு ஒன்றரை ஜி.பி. என்று அளந்து கொடுக்கும் திட்டத்தில், தானாக ஓடும் வீடியோ விளம்பரமும் அந்த அளவிலிருந்துதான் கழிகிறது. அளவு தீர்ந்தால் வேகம் 64 கே.பி.பி.எஸ்.ஸுக்கு இறங்கிவிடும். சந்தைக்கு வரும் வியாபாரி தன் வண்டிச் சத்தத்தையும் வாங்குகிறவர் தலையிலேயே கட்டினால் எவராவது ஒத்துக்கொள்வார்களா?

விளம்பரத்துக்கு ஈடாக விலையைக் குறைத்த உதாரணமும் உலகத்தில் உண்டு. 2016ல் அமெரிக்காவில் அமேசான் நிறுவனம் சில போன்களை 50 டாலர் குறைத்து விற்றது. பூட்டிய திரையில் விளம்பரம் வரும் என்பதை முன்கூட்டியே சொல்லித்தான் விற்றது. வேண்டாம் என்பவர் முழு விலைக்கு வாங்கிக்கொள்ளலாம். 2018ல் அந்தப் பூட்டுத்திரை விளம்பரங்களை அமேசானே நிறுத்திவிட்டது. அது வியாபாரம். விலையும் தெரியும், நிபந்தனையும் தெரியும். கம்பத்துக் கடையில் போன் வாங்கியவரிடம் இப்படி ஒரு நிபந்தனையைச் சொன்னது யார்?

நாலு வாசல், நாலு திருடர்

விளம்பரம் ஆகாயத்திலிருந்து குதிப்பதில்லை. வருகிற வாசல்கள் நான்குதான்.

முதல் வாசல், போன் செய்தவரே திறந்து வைத்தது. 2018ல் பங்குச்சந்தைக்கு வரும் நேரத்தில் ஷியோமி நிறுவனம், வன்பொருளில் 5 சதவீதத்துக்கு மேல் நிகர லாபம் எடுப்பதில்லை என்று அறிவித்தது. கேட்க நன்றாகத்தான் இருந்தது. ஆனால் அதே நிறுவனத்துக்கு இணையச் சேவை என்ற இன்னொரு வருமானமும் உண்டு. அதில் பெரும்பங்கு விளம்பரம். அதனால்தான் அந்தப் போன்களின் அமைப்புகளுக்குள்ளேயே எம்.எஸ்.ஏ. என்ற விளம்பர நிரல் உட்கார்ந்திருந்தது. அதன் அனுமதியை ரத்து செய்யப் போனால் பத்து வினாடி காத்திருக்க வைக்கும். சில நேரம் ரத்து செய்ய முடியவில்லை என்று சொல்லித் திருப்பி அனுப்பும். அனுமதி கொடுக்க ஒரு தட்டு, திரும்ப வாங்கப் பத்து வினாடி!

இரண்டாம் வாசல் செயலிகள். டார்ச், பேட்டரி சேவர், கிளீனர் என்ற பெயர்களில் வந்து, வேறு வேலை நடக்கும்போது திரையை மறிப்பவை. பூட்டுத்திரையில் விளம்பரம் காட்டுவதற்கு 2017லேயே கூகுள் தடை போட்டது. 2020 பிப்ரவரியில் தொல்லை விளம்பரம் காட்டிய சுமார் 600 செயலிகளை பிளே ஸ்டோரிலிருந்து நீக்கியது. நல்ல காரியம்தான். ஆனால் கடையிலிருந்து எடுத்துவிட்டால் வீட்டுக்குள் ஏற்கெனவே புகுந்தது வெளியே போய்விடுமா? 2020 ஜூனில் இந்திய அரசு தடை செய்த 59 செயலிகளில் ஷேர்இட், யு.சி. பிரவுசர், கிளீன் மாஸ்டர் எல்லாம் இருந்தன. பழைய போன்களில் அவற்றின் ஐகான்களை இன்றும் பார்க்கலாம்.

மூன்றாம் வாசல் இணையதளங்கள். "அறிவிப்புகளை அனுமதிக்கவா?" என்று கேட்கும். படத்தைப் பார்க்கிற அவசரத்தில் "சரி" என்று தட்டினால், அன்றிலிருந்து அந்தத் தளம் திறக்காமலேயே விளம்பரம் அனுப்பிக்கொண்டிருக்கும். வைரஸ் என்று சொல்லி வருபவற்றில் பல இந்த ரகம்தான்.

நான்காம் வாசல் சிம் கார்டு. வேலையில் இருக்கும்போது திரையில் ஒரு செய்தி குதிக்கும். தெரியாமல் "ஓகே" தொட்டால் ஹலோ ட்யூன், ஜோதிடம் என்று ஏதோ ஒரு சேவைக்குக் காசு போகும். இந்தக் கொள்ளை தாங்காமல்தான் 2013ல் டிராய், வாடிக்கையாளர் இரண்டாம் முறை உறுதி செய்யாமல் எந்தச் சேவையையும் தொடங்கக் கூடாது என்று உத்தரவிட்டது.

கம்பி வழியிலேயே கை வைத்த கதையும் உண்டு. 2015 ஜூனில் பெங்களூரின் தேஜேஷ் என்ற நிரலாளர், தன் வலைப்பக்கத்தை ஏர்டெல் 3ஜியில் திறந்தபோது, தான் எழுதாத நிரல் வரிகள் அதில் நுழைக்கப்பட்டிருப்பதைக் கண்டுபிடித்து வெளியிட்டார். டேட்டா பயன்பாட்டை வாடிக்கையாளருக்குக் காட்டுவதற்கான ஏற்பாடு அது என்றது ஏர்டெல். அந்த நிரலுக்குச் சொந்தமான ஃப்ளாஷ் நெட்வொர்க்ஸ் என்ற இஸ்ரேலிய நிறுவனமோ தேஜேஷுக்கே வக்கீல் நோட்டீஸ் அனுப்பியது! தபால்காரர் கடிதத்தைப் பிரித்து உள்ளே துண்டுச்சீட்டு வைக்கிறார் என்று காட்டிக்கொடுத்தவருக்குக் கிடைத்த பரிசு அது.

இந்த நாலு வாசலில் எதை அந்த அம்மா திறந்து வைத்தார்?

பாதுகாப்பும் பணக்காரருக்கு மட்டுமா?

கொடுமை இதற்கு மேல்தான் இருக்கிறது. செயலி ஒவ்வொரு அனுமதியையும் தனித்தனியாகக் கேட்க வேண்டும் என்ற ஏற்பாடு ஆண்ட்ராய்டு 6ல், 2015ல் வந்தது. விளம்பரத் தளங்களை மொத்தமாக மறிக்க உதவும் பிரைவேட் டி.என்.எஸ். வசதி ஆண்ட்ராய்டு 9ல், 2018ல் வந்தது. அறிவிப்பு அனுப்பவே அனுமதி கேட்க வேண்டும் என்பது ஆண்ட்ராய்டு 13ல், 2022ல் வந்தது. ஆக, ஒவ்வொரு பூட்டும் புதுப் போனோடுதான் வருகிறது. விலை குறைந்த போன்களுக்கு ஓரிரு ஆண்டோடு அப்டேட் நின்றுவிடுகிறது. பூட்டு அதிகம் தேவைப்படுகிறவருக்குத்தான் பூட்டு இல்லை. "புதுசு வாங்கு" என்கிற அறிவுரைக்கு உண்மையான அர்த்தம், "பாதுகாப்பு வேண்டுமென்றால் ஒரு மாதக் கூலியைக் கொடு" என்பதுதானே?

போனைத் தூக்கிப் போடாமல் செய்யக்கூடியவை

ஒரு பழைய போனைச் சுத்தம் செய்ய அரைமணி நேரம் போதும்.

1. விளம்பரம் குதித்தவுடன் ரீசன்ட் பட்டனை அழுத்தினால், எந்தச் செயலி அதைக் காட்டுகிறது என்பது பெரும்பாலும் தெரிந்துவிடும். அதை நீக்கிவிடலாம். நீக்க விடாமல் அடம்பிடித்தால், செட்டிங்ஸில் டிவைஸ் அட்மின் பட்டியலில் அதன் டிக்கை எடுத்துவிட்டு நீக்க வேண்டும். அதற்கும் இடம் கொடுக்காவிட்டால் போனை சேஃப் மோடில் திறந்து நீக்கலாம்.

2. "பிற செயலிகளின் மேல் காட்டு" என்ற அனுமதி யார் யாரிடம் இருக்கிறது என்று பார்த்து, தேவையில்லாதவற்றிடமிருந்து பறிக்க வேண்டும்.

3. குரோமில் சைட் செட்டிங்ஸ் போய், நோட்டிஃபிகேஷன் பட்டியலில் உள்ள தெரியாத தளங்களை எல்லாம் மறிக்க வேண்டும்.

4. ஆண்ட்ராய்டு 9 அல்லது அதற்கு மேல் என்றால், பிரைவேட் டி.என்.எஸ். பகுதியில் ஆட்கார்ட் போன்ற விளம்பரத் தடுப்புச் சேவையின் முகவரியைக் கொடுத்தால் பெரும்பாலான விளம்பரங்கள் நின்றுவிடும்.

5. நீக்க முடியாமல் கூடவே வந்த செயலிகளை "டிசேபிள்" செய்யலாம். கிளீனர், பூஸ்டர் எதுவுமே வேண்டாம். விளம்பரத்தை ஒழிக்க இன்னொரு விளம்பரச் செயலியை ஏற்றுவது எலியை விரட்டப் பாம்பை வளர்ப்பது மாதிரி.

6. வேண்டாத அழைப்புக்கும் எஸ்.எம்.எஸ்.ஸுக்கும் ஆங்கிலத்தில் "ஸ்டார்ட்" என்று எழுதி, இடம் விட்டு 0 போட்டு 1909க்கு அனுப்ப வேண்டும். கேட்காத சேவை ஏறியிருந்தால் அதை நிறுத்த 155223.

எழுதுகிறவர் பிழைக்க வேண்டாமா?

கேட்க வேண்டிய கேள்விதான். செய்தித்தளம் நடத்துகிறவருக்கு விளம்பரம்தான் சோறு. பக்கத்தின் ஓரத்தில், விளம்பரம் என்று சொல்லிக்கொண்டு, எளிதாக மூட முடிகிற மாதிரி வந்தால் யாரும் சண்டைக்கு வரப்போவதில்லை. நாளிதழில் காலங்காலமாக வருகிறது, யார் கோபப்பட்டார்கள்? ஆனால் நாளிதழ் விளம்பரம் வாசிப்பவர் கையைப் பிடித்து இழுப்பதில்லை, அவர் பெட்டியைத் திறந்து பார்ப்பதில்லை, "உன் வீட்டில் பாம்பு" என்று பொய் சொல்லிப் பயமுறுத்துவதில்லை. இங்கே எதிர்ப்பு அந்தப் பொய்க்கும் பலாத்காரத்துக்கும்தான்.

சட்டமும் இப்போது அதையே சொல்கிறது. 2023 நவம்பர் 30ல் மத்திய நுகர்வோர் பாதுகாப்பு ஆணையம் 13 வகை ஏமாற்று வடிவமைப்புகளைப் பட்டியல் போட்டுத் தடை செய்தது. மாறுவேட விளம்பரம், ஓயாத நச்சரிப்பு, வைரஸ் இருப்பதாக நம்ப வைப்பது, மூன்றும் அந்தப் பட்டியலில் உண்டு. கடுகளவு பெருக்கல் குறியை இனி சாமர்த்தியம் என்று யாரும் சொல்லிக்கொள்ள முடியாது. புகார் சொல்ல 1915 என்ற எண் இருக்கிறது. பணமே போய்விட்டால் உடனடியாக 1930. ஐரோப்பிய ஒன்றியமோ இன்னும் ஒரு படி மேலே போய், கூடவே வரும் செயலிகளை நீக்க வசதி தர வேண்டும் என்று பெரிய நிறுவனங்களை 2024 மார்ச்சிலிருந்து கட்டாயப்படுத்துகிறது. இங்கே அது ஏன் கூடாது?

சட்டம் ஒரு நாள் முழுதாக வரட்டும். அதுவரைக்கும் தேனியிலும் சின்னமனூரிலும் உத்தமபாளையத்திலும் கல்லூரிக்குப் போகிற ஒவ்வொரு பிள்ளைக்கும் ஓர் அரைமணி நேர வேலை காத்திருக்கிறது. புதுப் போன் வந்ததும் பழையதை அம்மாவிடம் கொடுக்கிறார்களே, கொடுக்கும் முன் தாங்கள் ஏற்றி வைத்த குப்பையைக் கூட்டிவிட்டுக் கொடுக்கலாமே? "கண்டதையும் தொடாதே" என்று அம்மாவைத் திட்டும் முன், அந்தக் "கண்டதை" உள்ளே விட்டது யார் என்று ஒருமுறை யோசிக்கலாமே?

திண்ணை அம்மாவுடையது. கடை விரித்தவன்தான் எழுந்து போக வேண்டும்.