வெறுங் கூடு

பள்ளிக்கூடத்து உபாத்தியாயராக இருப்பதில் ஒரு லாபம் உண்டு. நாம் யோசியாத விஷயங்களை யோசிக்கும்படி வாரந்தோறும் யாராவது ஒரு பையன் செய்துவிடுவான். சென்ற வாரம் அந்தக் கைங்கரியத்தைச் செய்தவன் கும்மிடிப்பூண்டியிலிருந்து ரயிலில் வரும் மாணவன். தேசிய மாணவர் படை முகாமில் துப்பாக்கி சுடப் பழகிவிட்டுத் திரும்பியிருந்தான். சுட்டு முடித்த பின் வெறுங் கூடுகளை எண்ணினார்களாம்; ஒன்று குறைந்ததாம். பொழுது சாயும் வரையில் எல்லோரும் புல்லைத் துழாவினார்களாம்.

"வெடித்துப் போன கூட்டுக்கு இவ்வளவு பாடா, ஸார்? பித்தளை விலை அதிகமென்றால் எஃகில் செய்துவிடலாமே! எங்கள் ஊரில் உருக்கு ஆலைகளுக்கா பஞ்சம்? அப்பாவின் பிஸ்டல் தோட்டாவும் மலிவாகக் கிடைக்குமே!" என்றான். அவன் தகப்பனார் போலீஸ் உத்தியோகஸ்தர்.

தேடியது விலைக்காக அன்று, கணக்குக்காக. கொடுத்த தோட்டா சுடப்பட்டது என்பதற்குக் கூடுதானே சாட்சி? ஆனால் அவனுடைய இரண்டாவது கேள்வியை அவ்வளவு சுலபமாகத் தள்ளிவிட முடியவில்லை. உலகத்துப் பெரிய தேசங்களே கேட்டுப் பார்த்த கேள்வி அது.

தோட்டாக் கூட்டுக்கு வழக்கமான பித்தளையில் நூற்றுக்கு 70 பங்கு செம்பு, 30 பங்கு துத்தநாகம். யுத்தம் வந்தால் முதலில் தட்டுப்படுவது செம்புதான். இரண்டாம் உலக யுத்தத்தில் ஜெர்மானியர் எஃகுக் கூட்டுக்கு அரக்கு போன்ற வர்ணம் பூசிச் சமாளித்தார்கள். அமெரிக்காவில் எவான்ஸ்வில் நகரத்தில், மோட்டார் வண்டி செய்யும் கிரைஸ்லர் கம்பெனியார் 1942-ல் கைத்துப்பாக்கித் தோட்டாக்களை எஃகுக் கூட்டில் செய்யத் தொடங்கிக் கோடி கோடியாகக் குவித்தார்கள். 1943-ல் அந்நாட்டு ஸென்ட் நாணயம்கூட எஃகாயிற்று. அதே வருஷத்தில் நம் தேசத்துக் காலணாவின் நடுவிலும் ஓட்டை விழுந்தது. பாட்டிமார்களின் சுருக்குப் பையில் அந்த ஓட்டைக் காலணாவைப் பார்த்தவர்கள் இன்றும் இருப்பார்கள்.

ஆகவே, எஃகில் செய்ய முடியுமா என்றால், முடியும். பித்தளைக்குச் சமானமா என்றால், அல்ல.

ஏன் என்பதை அடுக்களையிலேயே காணலாம். ஒன்றுக்குள் ஒன்றாக அடுக்கிய எவர்சில்வர் டம்ளர்கள் இறுகிக்கொண்டால் என்ன பாடுபடுத்துகின்றன! தோட்டாவின் கதையும் ஏறக்குறைய அதுவே. மருந்து வெடிக்கும் கணத்தில் கூடு விரிந்து துப்பாக்கியின் அறைச் சுவரோடு ஒட்டிக்கொள்ள வேண்டும். இல்லையேல் புகையும் கரியும் பின்பக்கம் கசியும். அடுத்த கணமே கூடு சுருங்கிச் சுவரை விட வேண்டும். இல்லையேல் கொக்கி இழுத்தும் வெளியே வராது. ஒட்டவும் வேண்டும், விடவும் வேண்டும். இந்த இரண்டு குணத்திலும் பித்தளை கெட்டிக்காரன். ஒரே பலமுள்ள பித்தளையையும் எஃகையும் எடுத்துக்கொண்டால், விரிந்த பின் மீளும் தன்மை பித்தளைக்கு ஏறக்குறைய இரு மடங்கு. எஃகுக் கூடு அவ்வளவு நன்றாக ஒட்டுவதில்லை. அறையில் கரி சேர்கிறது. அவ்வளவு நன்றாக விடுவதுமில்லை. கொக்கிக்கு வேலை அதிகம்.

"எஃகுக் கூடு குழலைத் தேய்த்துவிடும்" என்று சிலர் அஞ்சுவார்கள். அந்த அச்சம் வேண்டியதில்லை. கூட்டின் எஃகு துப்பாக்கியின் எஃகைவிட மிருதுவானது. அது குழலுக்குள் போவதும் இல்லை. குழலைத் தேய்ப்பது குண்டு. மலிவான தோட்டாக்கள் பலவற்றில் குண்டின் மேலுறையும் மெல்லிய செம்புப் பூச்சுக்குள் எஃகாகவே இருக்கும். தேய்மானத்துக்குக் காரணம் அதுதான். காந்தம் ஒன்றைக் காட்டினால் உண்மை வெளிப்பட்டுவிடும்.

கைத்துப்பாக்கியில் அழுத்தம் பெரிய துப்பாக்கியைவிடக் குறைவு. ஆதலால் எஃகுக் கூடு அதில் பெரும்பாலும் ஒழுங்காகவே வேலை செய்யும். விளையாட்டுக்காக ஒரே நாளில் நூற்றுக்கணக்கில் சுடும் அமெரிக்கருக்கு அந்த மலிவு பெரிய லாபம். ஆனால் நம் மாணவனின் தகப்பனார் நிலைமை வேறு. அவர் சுடுவது அபூர்வம், சுமப்பது தினந்தோறும். பழவேற்காட்டு உப்புக் காற்றில், வியர்வை படிந்த இடுப்பு வாரில், தோட்டா மாதக்கணக்கில் காத்திருக்கிறது. பூச்சு ஓரிடத்தில் உராய்ந்து போனாலும் எஃகில் துரு ஏறும். தேவைப்படும் ஒரே நாளில் கூடு சிக்கிக்கொண்டால், மிச்சம் பிடித்த காசை எந்தக் கணக்கில் எழுதுவது?

அப்படியானால் எஃகு ஆகாதா? நம் ஜில்லாவின் ஆவடியிலேயே மறுமொழி இருக்கிறது. அங்கே உருவான டி-72 டாங்கியின் பீரங்கியில், வெடிமருந்தின் உறை மருந்தோடு சேர்ந்து எரிந்துவிடும்; எஞ்சி வெளியே வருவது குட்டையான எஃகு அடிப்பாகம் மாத்திரமே. பீரங்கியையும் உறையையும் சேர்த்தே வகுத்தார்கள். ஆகவே எஃகு பொருந்திற்று. கூடு என்பது மருந்தைப் போட்டுவைக்கும் டப்பா அன்று. சுடும் கணத்தில் அது துப்பாக்கியின் ஓர் அங்கம். அங்கத்தை மாற்றினால் பூச்சு, வடிவம், பரீட்சை எல்லாவற்றையும் மாற்றியாக வேண்டும்.

தூத்துக்குடிச் செம்பு உருக்காலை 2018-ல் மூடப்பட்டது. அதற்கான காரணங்களும், அங்கே சிந்திய ரத்தமும் யாவரும் அறிந்தவை. அதன்பின் சுத்திகரித்த செம்பில், ஏற்றுமதி செய்ததைவிட அதிகம் இறக்குமதி செய்யும் தேசமாகிவிட்டோம். ஆதலால் பையனின் கேள்வி வீண் கேள்வி அன்று. எஃகை வசப்படுத்தும் வித்தையை அவசரம் வந்த பிறகு கற்பதைவிட அமைதிக் காலத்திலேயே கற்பது நலம். சுதேசி என்பது மலிவு மாத்திரம் அல்லவே. நம்மைக் காப்பவரின் உயிருக்கு உத்தரவாதமும் அதில் அடக்கம்.

இவ்வளவையும் கேட்டுவிட்டுப் பையன் தலையைச் சொறிந்தான். "எல்லாம் சரி, ஸார். ஆனால் அன்றைக்கு அந்தக் கூடு எஃகாக இருந்திருந்தால், ஒரு காந்தத்தைக் கொண்டு ஐந்து நிமிஷத்தில் கண்டுபிடித்திருக்கலாமே!"

அதற்கு என்னிடம் பதில் இல்லை.