‘அப்டேட்டை அப்புறம் பார்த்துக்கலாம்’: ஆம்பூர், ராணிப்பேட்டை கம்பெனிகளுக்கு இதில் என்ன ஆபத்து?

கம்ப்யூட்டர் திரையின் மூலையில் ‘அப்டேட் செய்யவும்’ என்று ஓர் அறிவிப்பு. ஷிப்மென்ட் நேரம் என்பதால் ‘அப்புறம் பார்த்துக்கலாம்’ என்று மூடிவிடுகிறோம். இந்த ‘அப்புறம்’ எவ்வளவு செலவு வைக்கும் என்பதை 2017-லேயே சென்னை பார்த்துவிட்டது.

பாதுகாப்பு ஓட்டை என்றால் என்ன?

சாஃப்ட்வேரை எழுதுவது மனிதர்கள். லட்சக்கணக்கான வரிகளில் எங்காவது பிழை இருக்கத்தான் செய்யும். அந்தப் பிழை வழியாக வெளியாள் உள்ளே நுழைய முடிந்தால், அதுதான் பாதுகாப்பு ஓட்டை. அதை அடைக்கத் தயாரிப்பு நிறுவனம் ‘பேட்ச்’ வெளியிடும். சிக்கல் என்னவென்றால், பேட்ச் வந்ததுமே ஓட்டை எங்கே என்று திருடர்களுக்கும் தெரிந்துவிடுகிறது. அப்டேட் செய்யாதவருக்கு ஆபத்து அன்றிலிருந்து கூடுகிறது.

2017-ல் என்ன நடந்தது?

விண்டோஸில் ஃபைல்களைப் பகிரும் பகுதியில் இருந்த ஓட்டைக்கு மார்ச் 14 அன்று மைக்ரோசாஃப்ட் பேட்ச் கொடுத்தது. 59 நாள் கழித்து, மே 12 அன்று ‘வான்னாக்ரை’ ரேன்சம்வேர் அதே ஓட்டை வழியாகப் புகுந்தது. யாரும் எந்த லிங்க்கையும் தொட வேண்டியிருக்கவில்லை. தானே தேடிப் போய், ஒரு கம்ப்யூட்டரிலிருந்து இன்னொன்றுக்குத் தாவியது. ஃபைல்களைப் பூட்டிவிட்டு 300 டாலர் கேட்டது. சுமார் 150 நாடுகளில் 2 லட்சத்துக்கும் மேற்பட்ட கம்ப்யூட்டர்கள் சிக்கின. சென்னை அருகே உள்ள ரெனால்ட்-நிசான் கார் ஆலையும் தப்பவில்லை.

ஷூ கம்பெனியை யார் தாக்கப் போகிறார்கள்?

இதுபோன்ற தாக்குதல் பெயர்ப் பலகையைப் பார்த்து வருவதில்லை. திறந்திருக்கும் கதவைத் தேடி வருகிறது. ஆர்டர், டிசைன், இன்வாய்ஸ், சம்பளக் கணக்கு எல்லாம் ஒரே பழைய கம்ப்யூட்டரில் இருந்தால், அது பூட்டிக்கொள்ளும் நாளில் வேலையே நின்றுவிடும். கப்பலைத் தவறவிட்ட சரக்கை விமானத்தில் அனுப்பினால் லாபம் போச்சு. சம்பளம் தள்ளிப்போனால் அடி தொழிலாளிக்குத்தான்.

கழிவுநீர் சுத்திகரிப்பு நிலையங்களும் யோசிக்க வேண்டும். 2023 நவம்பரில் அமெரிக்காவின் பென்சில்வேனியாவில், அலிகிப்பா குடிநீர் அமைப்பின் கட்டுப்பாட்டுக் கருவி ஒன்றை ஹேக்கர்கள் கைப்பற்றினார்கள். அந்த வகைக் கருவிகளுக்குக் கம்பெனி போட்டுக் கொடுத்த பாஸ்வேர்டு 1111. இன்டர்நெட்டில் இணைத்துவிட்டு அதை மாற்றாமல் விட்டால், உள்ளே வரத் தனித்திறமை எதற்கு?

என்ன செய்யலாம்?

• விண்டோஸ் 10-க்கான இலவச ஆதரவு 2025 அக்டோபர் 14-ல் முடிந்துவிட்டது. கூடுதல் பாதுகாப்புத் திட்டத்தில் சேருங்கள், இல்லையென்றால் விண்டோஸ் 11-க்கு மாறுங்கள்.

• சர்வீஸ் இன்ஜினீயருக்காக வைத்திருக்கும் ரிமோட் இணைப்பு, வேலை முடிந்ததும் மூடப்பட வேண்டும்.

• ஆபீஸ் கம்ப்யூட்டரும் மெஷின் கட்டுப்பாடும் ஒரே நெட்வொர்க்கில் வேண்டாம். கருவியோடு வந்த பாஸ்வேர்டை முதல் நாளே மாற்றுங்கள்.

• வாரம் ஒருமுறை பேக்கப் எடுத்து, ஹார்டு டிஸ்க்கைக் கழற்றி வையுங்கள். கம்ப்யூட்டரிலேயே செருகியிருந்தால் அதுவும் சேர்ந்து பூட்டிக்கொள்ளும்.

• தாக்குதல் நடந்தால் நெட்வொர்க் கேபிளைப் பிடுங்குங்கள். 2022-ல் வந்த உத்தரவுப்படி, தெரியவந்த 6 மணி நேரத்துக்குள் செர்ட்-இன் அமைப்புக்குச் சொல்ல வேண்டும். பணம் போயிருந்தால் உடனே 1930-க்கு அழையுங்கள்.

யார் பொறுப்பு?

‘அதெல்லாம் கம்ப்யூட்டர் பையன் பார்த்துப்பான்’ என்பதுதான் பல இடங்களில் கிடைக்கும் பதில். ஆனால் புதுக் கம்ப்யூட்டருக்குப் பணம் ஒதுக்குவதும், அப்டேட்டுக்காக ஒரு மணி நேரம் வேலையை நிறுத்தச் சொல்வதும் அவர் கையில் இல்லை. தையல் மெஷினுக்கு எண்ணெய் போட நாள் குறிக்கிற முதலாளி, கம்ப்யூட்டருக்கும் ஒரு நாள் குறிக்க வேண்டும். வார விடுமுறைக்கு முந்தைய மாலை அதற்குப் போதும்.