மேடையை விட்டு இறங்கத் தெரிந்தவர்

சென்ற மாதம் நண்பர் ஒருவர் கோபத்தோடு மாட்டுங்காவில் உள்ள என் வீட்டுக்கு வந்தார். பன்னிரண்டு வருடம் என்னிடம் மிருதங்கம் பயின்ற அவர் மகன், கச்சேரி வாய்ப்புகள் வரத் தொடங்கும் நேரத்தில், ஜாஸ் குழுவில் டிரம்ஸ் வாசிக்கப் போகிறானாம். "நீங்க சொன்னா கேப்பான் சார்" என்றார்.

மறுநாள் பையன் வந்தான். நான் வாயைத் திறக்குமுன், "மாமா, இவரைக் கேளுங்கோ" என்று பாட்டைப் போட்டுவிட்டான். வாசித்தவர் இங்கிலாந்தின் பில் புரூஃபோர்ட். காதைப் பிளக்கும் என்று நினைத்தேன். ஆனால் ஐந்தும் ஏழுமாகக் கணக்கு ஓடுகிறது! தாளம் போடக் கை தானாக எழுந்தது.

கென்ட் மாவட்டத்தில் 1949இல் பிறந்தவர். ஜாஸ் கேட்டு வளர்ந்தவர். 1968இல் 'யெஸ்' என்ற ராக் குழுவைத் தொடங்கியவர்களில் ஒருவர். 1972இல் அவர்களது 'குளோஸ் டு தி எட்ஜ்' இசைத்தட்டு, இங்கிலாந்திலும் அமெரிக்காவிலும் விற்பனையில் முதல் ஐந்து இடங்களுக்குள் வந்தது. அது வெளிவரும் முன்பே குழுவை விட்டு விலகிவிட்டார்! காசும் புகழும் குறைந்த 'கிங் கிரிம்சன்' குழுவில் சேர்ந்தார். காரணம், அங்கே கற்றுக்கொள்ள இருந்தது. அந்தக் குழுவோ இரண்டே வருடத்தில், 1974இல், கலைந்தது. நம் வீட்டுப் பிள்ளையாக இருந்தால் எத்தனை பேர் "அப்பவே சொன்னேனே" என்று கிளம்பியிருப்போம்!

அவர் சோர்ந்துவிடவில்லை. குழு 1981இல் மீண்டும் கூடியபோது மின்னணு டிரம்ஸைக் கையில் எடுத்தார். 1986இல் 'எர்த்வொர்க்ஸ்' என்று சொந்தமாக ஜாஸ் குழு கண்டார். பெரிய அரங்குகளில் வாசித்தவர் சின்ன மன்றங்களுக்குப் போனார். 2009இல், அறுபது நிறையுமுன், மேடைக்கு விடை கொடுத்தார். 2016இல் சர்ரே பல்கலைக்கழகத்தில் டாக்டர் பட்டம் வாங்கினார். அதற்கும் பிறகு கிதார் கலைஞர் பீட் ராத்தின் மூவர் குழுவில் மறுபடி வாசிக்க வந்தார்.

ஊரை விட்டு வந்த நமக்குக் கிடைத்ததைக் கெட்டியாகப் பிடித்துக்கொள்ளும் பயம் உண்டு. வேலையோ வாத்தியமோ, பிடித்தால் உடும்புப் பிடி. பிள்ளை பாதி வழியில் இறங்கினால் படித்ததெல்லாம் பாழ் என்று பதறுகிறோம். பையன் கைக்குள் போன கணக்கு எங்கும் போய்விடாது. இதை நண்பரிடம் சொன்னேன். "உங்க பிள்ளையா இருந்தா இப்படிச் சொல்லுவேளா?" என்று கேட்டார். நியாயமான கேள்விதான். என் பிள்ளையை நான் பாங்கு வேலையை விட விடவில்லை. அவன் அப்போது வயலின் வாசிப்பான்.

எனக்கு அறுபத்தெட்டு. ஒரு வருடமாகத் துரித காலத்தில் இடது கை பின்தங்குகிறது. சபையில் யாரும் சொல்லவில்லை, பெரியவர் என்ற மரியாதை. இந்த வருட ராமநவமிக் கச்சேரிக்கு வேறு ஆளைப் பார்த்துக்கொள்ளும்படி காரியதரிசிக்கு எழுதிப் போட்டுவிட்டேன்.

நண்பர் இன்னும் என்னோடு முகம் கொடுத்துப் பேசவில்லை. பையன் மட்டும் ஞாயிறுதோறும் வருகிறான்.