பிடித்த வண்டியும் போடாத புகாரும்

ராஜபாளையம் பக்கம் ஓடை மணலோ கண்மாய்ச் சவுடோ ஏற்றிய டிராக்டர் பிடிபட்டால், டீக்கடையில் தீர்ப்பு அன்றைக்கே வந்துவிடும். வண்டி வெளியே வரக் கூடாது. வெயிலிலும் மழையிலும் கிடந்து துருப்பிடிக்கட்டும், அதுதான் சரியான தண்டனை. கோர்ட் வண்டியை விட்டுவிட்டாலோ, "கேஸ் போச்சுய்யா, பணம் விளையாடிருச்சு" என்பார்கள். இரண்டுமே தப்பு. அய்யனார் கோயில் ஆறும் அதை நம்பிய கிணறுகளும் பிழைக்க வேண்டும் என்று நினைக்கிறவர்களே இப்படி நம்புவதுதான் எனக்கு எரிச்சல். இந்த நம்பிக்கையால் நிம்மதியாகத் தூங்குகிறவர்கள் மண் திருடுகிறவர்களும் வேலை செய்யாத அதிகாரிகளும்தான்.

1957-ஆம் ஆண்டு கனிமச் சட்டத்தின் 21(4) பிரிவு வண்டியைப் பிடித்துவைக்க அதிகாரம் தருகிறது, அவ்வளவே. அதை அரசுடைமை ஆக்குவது 21(4ஏ). அந்த அதிகாரம் நீதிமன்றத்திடம் மட்டுமே இருக்கிறது. நீதிமன்றமும் தானாக வழக்கைக் கையில் எடுக்க முடியாது. 22-ஆம் பிரிவின்படி, அரசு அதிகாரம் கொடுத்த அலுவலர் எழுத்தில் புகார் தர வேண்டும். மணல் அள்ளியதைத் திருட்டாகக் கருதிப் போலீஸ் தனியே வழக்குப் போடலாம் என்று சஞ்சய் வழக்கில் 2014-இல் உச்ச நீதிமன்றம் தெளிவுபடுத்தியது. ஆனால் கனிமச் சட்டக் குற்றத்துக்கு அந்தப் புகார் இல்லாமல் ஒரு அடி நகராது.

ஸ்டேஷன் வாசலில் டிராக்டரைப் பார்த்துத் திருப்திப்படுகிற நாம் அந்தப் புகாரைப் பற்றிக் கேட்பதே இல்லை. புகார் போய்ச் சேர வேண்டிய மாவட்டத் தலைமை நீதிமன்றம் விருதுநகரில்கூட இல்லை, ஸ்ரீவில்லிபுத்தூரில் இருக்கிறது. ராஜபாளையத்தில் பஸ் ஏறினால் அரை மணி நேரம். கோப்பு மட்டும் ஏனோ அவ்வளவு சீக்கிரம் போய்ச் சேர்வதில்லை.

2018 அக்டோபரில் உயர் நீதிமன்ற மதுரைக் கிளை, மணல் கடத்தலில் பிடிபட்ட வண்டிகளை விடக் கூடாது என்று உத்தரவிட்டதே என்பார்கள். உண்மைதான். அரசுடைமையாக்கும் நடவடிக்கையை எடுக்கவும் அந்த உத்தரவு சொன்னது. நம் ஊரில் முதல் பாதியை எல்லாரும் மனப்பாடமாகச் சொல்கிறார்கள். இரண்டாம் பாதியைப் பேச ஆளில்லை. பிடித்த வண்டிகளை ஸ்டேஷனில் நெடுநாள் போட்டுவைப்பதால் பயனில்லை என்றும், போட்டோ எடுத்து, பிணைப் பத்திரம் வாங்கிக்கொண்டு கொடுக்கலாம் என்றும் சுந்தர்பாய் அம்பாலால் தேசாய் வழக்கில் 2002-லேயே உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. 2024 ஜூலையில் நடைமுறைக்கு வந்த புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 497-ஆம் பிரிவு இன்னும் கறார்: பொருள் கோர்ட்டுக்கு வந்த 14 நாளில் விவரப் பட்டியல், அடுத்த 30 நாளில் அதை என்ன செய்வதென்ற உத்தரவு. விடுவதோ எடுத்துக்கொள்வதோ, எதுவானாலும் சீக்கிரம் முடிக்கச் சொல்கிறது சட்டம். காத்துக் கிடப்பதைத் தண்டனை என்று அது எங்கும் சொல்லவில்லை.

துருவால் நஷ்டம் யாருக்கு? நாலைந்து டிப்பர் வைத்திருப்பவனுக்கு ஒன்று போனால் தொழில் செலவு. கடன் வாங்கி ஒற்றை டிராக்டர் ஓட்டுகிறவன் குற்றம் நிரூபணமாகும் முன்பே தவணை கட்ட முடியாமல் முடிந்துபோகிறான். டிரைவர் ஜெயிலுக்குப் போவார். மண்ணை விலைக்கு வாங்கிக் கட்டடம் கட்டியவர் பெயர் எஃப்.ஐ.ஆரில் வராது. கடைசியில் அரசு ஜெயித்தாலும், ஏலத்தில் கிடைப்பது பழைய இரும்பு விலை.

விட்டால் மறுநாளே அதே கண்மாய்க்குப் போகும் என்பது நியாயமான பயம். நடக்கவும் செய்கிறது. அதற்குத்தான் நிபந்தனைகள் இருக்கின்றன: ஆர்சி புத்தகம் கோர்ட்டில் இருக்க வேண்டும், வண்டியை விற்கக் கூடாது, மறுபடி பிடிபட்டால் பிணைத்தொகை அரசுக்கு. "அபராதம் கட்டியாச்சு, ஒண்ணும் பண்ண முடியாது" என்று மார்தட்டுகிறவர்களுக்கும் பதில் உண்டு. சமரசத் தொகை கட்டினால் கனிமச் சட்ட வழக்கு முடியலாம், திருட்டு வழக்கு முடியாது என்று ஜெயந்த் வழக்கில் 2020-இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்திருக்கிறது.

அடுத்த முறை "மணல் டிராக்டர் சிக்கியது" என்று செய்தி படித்தால், தகவல் உரிமைச் சட்டத்தில் 10 ரூபாய்க் கோர்ட் ஸ்டாம்ப் ஒட்டி ஒரு மனுப் போடுங்கள். 22-ஆம் பிரிவுப் புகார் எந்தத் தேதியில், எந்த நீதிமன்றத்தில் தாக்கல் ஆனது என்று மட்டும் கேளுங்கள்.